‘அங்மோ கியோ’ வெண்பாவில் எப்படி உட்காரும்?

கேட்கப்பட்டது இதுதான்: புதுக்கவிதை எழுதிப் பழகிய ஒருவர், சிங்கப்பூரில் நடக்கவிருக்கும் கவியரங்கம் ஒன்றுக்கு நேரிசை வெண்பா எழுதியிருக்கிறார். எதுகை, மோனை எல்லாம் பார்த்துத்தான் எழுதினாராம். ஆனாலும் ‘தளை தட்டுகிறது’ என்ற ஒரே வரிக் குறிப்போடு பாட்டு திரும்பி வந்துவிட்டது. எங்கே தட்டுகிறது, ஏன் தட்டுகிறது, அங் மோ கியோ போன்ற நம் ஊர்ப் பெயர்களெல்லாம் வெண்பாவுக்குள் வரவே வராதா என்று கேட்கிறார். அவர் எழுதிய பாட்டு:

காலை நேரம் கோப்பிக்கடை வாசலில்
வேலைக்குச் செல்வோர் சிங்கப்பூரில் – மாலை
திரும்பும் நேரம் அங்மோகியோ வீட்டில்
அரும்பு முகமே அமுதம்

முதலில் நல்லதைச் சொல்லிவிடுகிறேன். எதுகை குறையில்லாமல் இருக்கிறது. காலை, வேலை, மாலை மூன்றிலும் முதலெழுத்து நெடில், இரண்டாம் எழுத்து ‘லை’. திரும்பும், அரும்பு இரண்டிலும் முதலெழுத்து குறில், இரண்டாம் எழுத்து ‘ரு’. தனிச்சொல்லான ‘மாலை’ இரண்டாம் அடியின் நான்காம் சீராக (சீர் என்பது அடியை ஆக்கும் ஓசைத் துண்டு), அதே எதுகையோடு சரியான இடத்தில் நிற்கிறது. கடைசி அடி மூன்று சீர். வெண்பாவின் வெளித்தோற்றம் முழுவதும் வந்துவிட்டது. வராதது ஓசை. வெண்பாவின் ஓசைக்குச் செப்பலோசை என்று பெயர். அதைத் தருவது எதுகையும் அன்று, மோனையும் அன்று. ஒரு சீர் முடிந்து அடுத்த சீர் தொடங்கும் அந்த இணைப்புதான். அந்த இணைப்பின் பெயர்தான் தளை.

அசை பிரிக்கத் தெரியாமல் தளை பார்க்க முடியாது. ஆகவே அங்கிருந்து தொடங்குவோம். சீரின் முதலெழுத்தைப் பாருங்கள். அது நெடிலாக இருந்தால் அங்கேயே வெட்டுங்கள். பின்னால் ஒற்று இருந்தால் அதையும் சேர்த்துக்கொண்டு வெட்டுங்கள். அது குறிலாக இருந்து பின்னால் ஒற்று வந்தால் ஒற்றோடு வெட்டுங்கள். இவை எல்லாம் நேரசை. குறிலுக்குப் பின்னால் ஒற்று வராமல் இன்னொரு உயிரெழுத்தோ உயிர்மெய்யோ வந்தால், அது குறிலானாலும் நெடிலானாலும் சேர்த்துக்கொள்ளுங்கள். அதன் பின்னால் ஒற்று வந்தால் அதையும் சேர்த்து வெட்டுங்கள். இது நிரையசை. சீரின் கடைசியில் ஒரு குறில் மட்டும் மிஞ்சினால் அதுவும் நேர்தான். எத்தனை ஒற்று அடுத்தடுத்து வந்தாலும் ஒற்றுக்குத் தனிக் கணக்கு இல்லை.

புதிதாக எழுதுகிறவர்கள் வழுக்குவது பெரும்பாலும் நெடிலில்தான். ‘வாசலில்’ என்பதை ‘வாச–லில்’ என்று பிரித்துவிடுவார்கள். நெடில் பின்னால் வரும் உயிர்மெய்யைத் தன்னோடு சேர்த்துக்கொள்ளாது. ‘வா–சலில்’ என்பதே சரி: நேர், நிரை.

அசைகள் சேர்ந்தால் சீர். நேர் நேர் தேமா, நிரை நேர் புளிமா, நிரை நிரை கருவிளம், நேர் நிரை கூவிளம். இந்த நான்கின் பின்னாலும் ஒரு நேர் சேர்ந்தால் காய்ச்சீர். ஒரு நிரை சேர்ந்தால் கனிச்சீர். வெண்பாவில் ஈரசைச் சீர் நான்கும் காய்ச்சீர் நான்கும் வரும். கனிக்கு இடமே இல்லை. நான்கு அசை கொண்ட சீருக்கும் இடமில்லை.

இனித் தளை. மா முன் நிரை, விளம் முன் நேர், காய் முன் நேர். வெண்பாவின் தளை விதி மொத்தமும் இந்த மூன்று தொடருக்குள் அடங்கிவிடும். ‘முன்’ என்றால் இங்கே ‘அடுத்து’ என்று பொருள். மனப்பாடம் செய்துவிட்டால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். காரணம் தெரிந்தால்தான் காதில் ஏறும். மாச்சீர் நேரில் முடிகிறது, அடுத்தது நிரையில் தொடங்க வேண்டும். விளச்சீர் நிரையில் முடிகிறது, அடுத்தது நேரில் தொடங்க வேண்டும். அதாவது ஈரசைச் சீர் முடிகிற இடத்திலெல்லாம் ஓசை மாற வேண்டும். முடிந்த அசையே மறுபடி வந்து ஒன்றினால் அது ஆசிரியத்தளை; அகவல் என்னும் ஆசிரியப்பாவின் ஓசை. காய்ச்சீர் மட்டும் நேரில் முடிந்து நேரையே வேண்டுகிறது. அது மூன்றசையாக நீண்டுவிட்டதால் அங்கே ஒரு சிறு இளைப்பாறல் கிடைக்கிறது. வாய்விட்டுப் படித்தால் இது தெரியும். இந்தத் தளை அடிக்குள் மட்டுமல்ல, ஓரடியின் கடைசிச் சீருக்கும் அடுத்த அடியின் முதல் சீருக்கும் இடையிலும், தனிச்சொல்லுக்கு முன்னும் பின்னும் பொருந்த வேண்டும். அடி மாறும் இடத்தைப் பார்க்காமல் விட்டுத் தட்டுகிறவர்கள் அதிகம்.

ஒரு முறை வள்ளுவரோடு நடந்து பாருங்கள். ‘அகர முதல எழுத்தெல்லாம் ஆதி பகவன் முதற்றே உலகு.’ அகர, புளிமா. அடுத்து ‘முத’ நிரை. முதல, புளிமா, அடுத்து ‘எழுத்’ நிரை. எழுத்தெல்லாம், புளிமாங்காய்; அடுத்து ‘ஆ’ நேர். ஆதி, தேமா; அடி மாறி ‘பக’ நிரை. பகவன், முதற்றே இரண்டும் புளிமா. அடுத்தவை இரண்டும் நிரை. ‘உலகு’ வெண்பாவின் கடைசிச் சீருக்கு உரிய ‘பிறப்பு’ என்னும் வாய்பாட்டில் முடிகிறது.

இப்போது அனுப்பப்பட்ட பாட்டுக்கு வருவோம். ‘காலை நேரம்’: கா–லை தேமா, நே–ரம் தேமா. மா முன் நேர் வந்துவிட்டது, தட்டுகிறது. ‘நேரம் கோப்பி’: மறுபடியும் அதே. ‘செல்வோர் சிங்கப்பூரில்’: அதே. ‘திரும்பும் நேரம்’, ‘நேரம் அங்மோகியோ’: அதே. ஐந்து இடங்களிலும் ஒரே பிழை என்பதைக் கவனியுங்கள். ஐந்தில் நான்கு ‘நேரம்’ என்ற ஒரு சொல்லைச் சுற்றியே வருகின்றன. அந்தச் சொல் நேரசையில் தொடங்குகிறது, நேரசையில் முடிகிறது. அதை வெண்பாவில் வைக்க வேண்டுமானால் முன்னால் விளமோ காயோ வேண்டும், பின்னால் நிரை வேண்டும். அதைவிட எளிது ‘பொழுது’ என்று மாற்றுவது: பொழு–து, நிரை நேர். ‘திரும்பும் பொழுது’ என்றதும் தளை பொருந்திவிடுகிறது.

மரபுக் கவிஞர்கள் கையில் இப்படிப்பட்ட இணைச்சொற்கள் எப்போதும் இருக்கும். நேரம்–பொழுது, கண்ணில்–விழியில், பூவின்–மலரின், சாலை–தெருவில், வானம்–விசும்பு. ஒன்று நேரில் தொடங்கும், மற்றது நிரையில் தொடங்கும். செய்யுளில் விசும்பும் விழியும் அடிக்கடி தென்படுவதற்கு அழகு மட்டும் காரணமன்று. இணைப்பு கேட்கும் அசையை அவை தருகின்றன. இப்படி முப்பது நாற்பது இணைகளைச் சொந்தமாக ஒரு குறிப்பேட்டில் எழுதிச் சேர்த்து வையுங்கள். வெண்பா எழுதும் வேகம் அதனால் கூடுவதைப் போல் வேறெதனாலும் கூடாது.

அடுத்து ஊர்ப்பெயரும் கடைப்பெயரும். ‘கோப்பிக்கடை’: கோப்–பிக்–கடை. நேர் நேர் நிரை, தேமாங்கனி. ‘அங்மோகியோ’: அங்–மோ–கியோ. இதிலும் ‘கியோ’ குறிலும் நெடிலும் சேர்ந்த நிரை, இதுவும் தேமாங்கனி. கனி வெண்பாவில் வராது என்பதால் அங் மோ கியோவையே கைவிட வேண்டியதில்லை. வள்ளுவர் இதே சிக்கலை எப்படித் தீர்த்தார் என்று பாருங்கள். ‘மழலைச்சொல் கேளா தவர்’ என்கிறார். ‘கேளாதவர்’ ஒரே சொல். கே–ளா–தவர் என்று அலகிட்டால், அதாவது அசை பிரித்துப் பார்த்தால், அச்சாக அதே தேமாங்கனி. அதை ‘கேளா’, ‘தவர்’ என்று இரண்டு சீராக நிறுத்தினார். தேமாவுக்கு அடுத்து நிரை, தளை பொருந்திவிட்டது. தேமாங்கனி எதுவானாலும் இரண்டாக உடைத்தால் அது தேமாவும் நிரையும் ஆகிவிடும். வெண்பாவுக்கு உரிய தளையான வெண்டளை அதற்குள்ளேயே ஒளிந்திருக்கிறது. ‘அங்மோ கியோவில்’, ‘கோப்பிக் கடையில்’. இரண்டும் தேமா, புளிமா. சீருக்காகச் சொல்லைப் பிரிக்கும் இந்த முறைக்கு வகையுளி என்று பெயர். இரண்டாவது துண்டு ஓரசையாக நின்றுவிடாமல் ‘இல்’ போன்ற ஓர் உருபு சேர்த்துக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான். ஓரசைச் சீர் வெண்பாவின் கடைசிச் சீராக மட்டுமே வரலாம்.

இதோ அங் மோ கியோவை வைத்தே ஒரு குறள் வெண்பா, கூரையிட்ட நடைபாதைகளை நினைத்து:

அங்மோ கியோவில் அடைமழை பெய்தாலும்
எங்கும் நனையா நடை

அங்மோ தேமா, கியோவில் புளிமா, அடைமழை கருவிளம், பெய்தாலும் தேமாங்காய், எங்கும் தேமா, நனையா புளிமா, நடை ‘மலர்’ என்னும் கடைசிச் சீர் வாய்பாடு. ஒவ்வோர் இணைப்பையும் நீங்களே சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

மற்ற இடங்களையும் இப்படி அலகிட்டு வைத்துக்கொள்ளலாம். தேக்கா, பொங்கோல், செங்காங், ஜூரோங், சாங்கி எல்லாம் தேமா. அடுத்து நிரை வர வேண்டும். சிராங்கூன் புளிமா, அதற்கும் நிரைதான். தெம்பனிஸ் கூவிளம், தோபாயோ தேமாங்காய். இரண்டுக்கும் அடுத்து நேர். பிடோக் ஒரே நிரையசை. நடுவில் நிறுத்த ‘பிடோக்கில்’ என்று புளிமா ஆக்க வேண்டும். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழகம்) கூவிளம், ‘வீவக வீட்டில்’ என்றால் தளையும் மோனையும் கேட்காமலே கிடைத்துவிடுகின்றன. வீட்டு முகவரியில் இப்படி ஒரு வெண்பாத் துண்டு இருப்பதை நாம் கவனிப்பதில்லை.

வம்பு பண்ணுவது ‘புக்கிட்’. புக்கிட் பாத்தோக், புக்கிட் தீமா, புக்கிட் பாஞ்சாங், புக்கிட் மேரா. நான்கிலும் தேமாவுக்கு அடுத்துத் தேமா. இரண்டு சீராக வைத்தால் தட்டும். ஒரே சீராக வைத்தால் நாலசை. இவற்றை முன் சொல்லோடு ஒட்டி, ‘புக்’ ஒரு சீரிலும் ‘கிட்’ அடுத்த சீரிலும் விழும்படி வெட்டுகிறவர்கள் உண்டு. தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். வகையுளிக்கும் ஓர் எல்லை உண்டு, பெயரைக் காது அடையாளம் காண முடியாதபடி உடைக்கக்கூடாது. மலாயில் புக்கிட் என்றால் மலை, குன்று. ‘தீமா மலையில்’ என்று எழுதினால் தேமாவுக்கு அடுத்து நிரை. பெயரும் பிழைத்தது, பொருளும் பிழைத்தது.

‘சிங்கப்பூரில்’ என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இங்கே எழுதுகிற எல்லோரும் முதலில் இதில்தான் முட்டிக்கொள்கிறார்கள். சிங்கப்பூர் மட்டும் நின்றால் சிங்–கப்–பூர், தேமாங்காய், வெண்பாவுக்கே உரிய அழகான வெண்சீர். ‘இல்’ சேர்த்ததும் சிங்–கப்–பூ–ரில், நான்கு நேர். ‘சிங்கப் பூரில்’ என்று உடைத்தாலும் தேமா முன் தேமா. வழியே இல்லை. உருபை அடுத்த சொல்லுக்குத் தள்ளுங்கள்: ‘சிங்கப்பூர் மண்ணில்’. காய் முன் நேர், பொருந்தும். இல்லையென்றால் ‘சிங்கை’. அந்தப் பெயர் செய்யுளுக்கு இவ்வளவு பிடித்துப்போனதற்கு அதன் அசையும் ஒரு காரணம். ‘சிங்கையில்’ என்னும்போது நடுவில் வரும் ‘கை’ ஐகாரக் குறுக்கமாகிக் குறிலாகிவிடுகிறது. ஆகவே சிங்–கையில், கூவிளம். ஐகாரத்தை நெடிலாகவே கொண்டு தேமாங்காய் என்று அலகிட்டாலும் கவலையில்லை. விளத்துக்கும் காய்க்கும் அடுத்து வர வேண்டியது நேர்தான்.

கடைசிச் சீர். வெண்பா நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கு வாய்பாடுகளில் ஒன்றில்தான் முடியும். நாள் ஒரு நேர், மலர் ஒரு நிரை. காசு நேரோடு ஓர் உகரம், பிறப்பு நிரையோடு ஓர் உகரம். ‘அமுதம்’ என்பது அமு–தம், முழுப் புளிமா, அங்கே நிற்காது. ‘அமுது’ என்றால் பிறப்பு வாய்பாடு, நிற்கும். ஒரு மகர ஒற்றுதான் வித்தியாசம். தொல்காப்பியம் நேர், நிரையோடு நேர்பு, நிரைபு என்று இன்னும் இரண்டு அசைகளைச் சொல்கிறது. அவற்றை விட்டுவிட்ட பிற்கால யாப்பிலும் வெண்பாவின் ஈற்றில் மட்டும் அந்தப் பழைய அசைகளின் சாயல் காசாகவும் பிறப்பாகவும் நிற்கிறது.

மோனையில் ஒரு சிறு பிழை. முதல் அடியில் ‘காலை’க்கு மூன்றாம் சீராகக் ‘கோப்பி’ வைத்து மோனை அமைந்ததாக நினைத்திருக்கிறார். மெய் ஒன்றாக இருப்பது மட்டும் போதாது, உயிரும் இனமாக இருக்க வேண்டும். அ, ஆ, ஐ, ஔ ஓரினம். இ, ஈ, எ, ஏ ஓரினம். உ, ஊ, ஒ, ஓ ஓரினம். கா, க, கை ஒன்றோடொன்று மோனை, கோ சேராது. கோவுக்குக் கு, கூ, கொ வேண்டும். தமிழ்நாட்டு வழக்கில் ‘காப்பி’ என்றிருந்தால் மோனை கிடைத்திருக்கும்! ஆனால் இங்கே யாரும் காப்பி கேட்பதில்லை; அதற்காகக் கோப்பியைக் காப்பியாக்குவதை நான் ஏற்க மாட்டேன். மோனையை வேறு சொல்லில் தேடிக்கொள்ளலாம். மெய்களில் ச, த ஓரினம். ஞ, ந ஓரினம். ம, வ ஓரினம். முதல் சீரும் மூன்றாம் சீரும் மோனை கொண்டால் பொழிப்பு மோனை. வெண்பாவுக்கு அதுதான் காதுக்கு மிக இதம்.

இவ்வளவையும் வைத்து, அவர் சொல்ல வந்ததை விடாமல் பாட்டைத் திருத்தினால் இப்படி வரும்:

காலை விடியுமுன் காத்திருந்து பேருந்தில்
வேலைக்குச் செல்வோர் விரைகின்றார் – மாலை
திரும்பும் பொழுதோ திறக்கும் கதவில்
அரும்பும் முகமே அமுது

முதலடி தேமா, கருவிளம், கூவிளங்காய், தேமாங்காய். இரண்டாமடி தேமாங்காய், தேமா, புளிமாங்காய், தேமா. மூன்றாம் அடி முழுவதும் புளிமா. ஈற்றடி புளிமா, புளிமா, பிறப்பு. நான்கு அடியிலும் பொழிப்பு மோனை: கா–கா, வே–வி, தி–தி, அ–அ. ‘பொழுதோ’வில் இருக்கும் ஓகாரம் அசை நிரப்ப வந்ததன்று, காலைக்கும் மாலைக்கும் உள்ள வேறுபாட்டை அது காட்டுகிறது. சீர் குறைகிறதே என்று ‘தான்’, ‘ஏ’, ‘அம்மா’ என்று ஒட்டவைப்பவர்கள் ஒவ்வொரு ஒட்டுக்கும் இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டும்: இதை எடுத்துவிட்டால் பொருள் குறைகிறதா? குறையவில்லை என்றால் அந்தச் சீரையே மாற்றுங்கள்.

இனி, அச்சில் சரியாகத் தெரிந்து ஓசையில் தட்டும் பிழை. இதைக் கண்டுபிடிப்பதுதான் கடினம். ‘பேருந்து ஏறி’ என்று எழுதுகிறோம். பே–ருந்–து தேமாங்காய், அடுத்து ஏ–றி, நேர். காய் முன் நேர், சரிதானே? சரியில்லை. குற்றியலுகரத்துக்குப் பின் உயிர் வந்தால் உகரம் ஓடிவிடும். வாயில் வருவது ‘பேருந்தேறி’. சீராகப் பிரித்தால் ‘பேருந் தேறி’, தேமா முன் நேர். தட்டிவிட்டது. மரபு யாப்பில் அலகிடுவது புணர்ந்து ஒலிக்கும் ஓசையைத்தான், இடைவெளி விட்டு அச்சடித்த சொற்களையன்று. ஆகவே பாட்டை முதலில் சந்தி பிரிக்காமல் எழுதுங்கள், பிறகு அலகிடுங்கள், எல்லாம் முடிந்தபின் வாசகருக்காக வேண்டுமானால் பிரித்துக் காட்டுங்கள். அவலோகிதம் போன்ற யாப்பு மென்பொருளில் போட்டுப் பார்ப்பவர்களுக்கும் இதையே சொல்வேன். நீங்கள் பிரித்துக் கொடுத்தால் அதுவும் பிரித்தபடிதான் எண்ணும்.

உகரத்துக்குப் பின் யகரம் வந்தால் இன்னொரு நுணுக்கம். ‘குழலினிது யாழினிது’ புணரும்போது ‘குழலினி தியாழினி’ ஆகிறது. அந்தத் ‘தி’யில் இருப்பது குற்றியலிகரம். அதை எண்ணினால் கருவிளத்துக்கு அடுத்து ‘தியா’ என்று நிரை வந்து தட்டும். அதனால் அதை அலகு பெறாத எழுத்தாக விட்டுவிடுவார்கள். ‘யா’ நேராகிறது, தளை பொருந்துகிறது. எண்ணினால் ஓசை கெடும் இடத்தில் மட்டும் குற்றியலிகரத்தை விட்டுவிடலாம் என்பதே வழக்கு.

பிறமொழிச் சொற்களிலும் காது வைத்தே முடிவெடுக்க வேண்டும். ‘ரயில்’ ஒரே நிரையசை. ‘இரயில்’ என்று மரபுப்படி எழுதினால் இர–யில், புளிமா. ஓர் இகரத்தால் அது நடுவில் நிற்கும் தகுதி பெறுகிறது. எம்ஆர்டி (சிங்கப்பூரின் பெருவிரைவு ரயில்) என்பதில் தனிக்குறிலை அடுத்த மகரம் உயிரோடு சேரும்போது இரட்டித்து ‘எம்மார்டி’ ஆகும்: தேமாங்காய், அடுத்து நேர். உட்லண்ட்ஸ் என்பதில் எத்தனை ஒற்று குவிந்தாலும் உட்–லண்ட்ஸ், தேமாதான். ஆனால் நாக்கு இடறும். செய்யுளில் அது இனிமை தராது.

இன்னொன்றையும் யோசிக்கச் சொல்வேன். சொல்ல வந்த செய்திக்கு வெண்பாதான் வேண்டுமா? ‘காலை நேரம்’, ‘மக்கள் கூட்டம்’, ‘வேலை தேடி’ என்று நம் பேச்சுத் தமிழில் தேமாவும் தேமாவும் அடுத்தடுத்து வந்துகொண்டே இருக்கும். வெண்பாவில் தட்டும் அந்த ஓசை ஆசிரியப்பாவின் சொந்த ஓசை. அகவலில் எழுதினால் அவர் முதலில் எழுதிய சொற்களே பெரும்பாலும் நிற்கும்:

காலை நேரம் கோப்பிக் கடையில்
வேலைக் கோடும் மக்கள் கூட்டம்
மாலை மீண்டு சேரும்
மேலைத் தளத்தில் விளக்கெரி வீடே

இது நேரிசை ஆசிரியப்பா. ஈற்றயலடி மூன்று சீர், மற்றவை நான்கு, முடிவில் ஏகாரம். குறைந்தது மூன்று அடி வேண்டும். மேலே எத்தனை அடி வேண்டுமானாலும் போகலாம். காட்சியை அடுக்கிக்கொண்டு போக இதைவிட ஏற்ற வடிவம் தமிழில் இல்லை என்பது என் கருத்து. வெண்பா அப்படியன்று. ஒரு கருத்தை எடுத்து, தனிச்சொல்லில் ஒரு திருப்பம் கொடுத்து, மூன்று சீரில் சட்டென்று நிறுத்துவது. விவரிக்க நினைப்பவர் கையில் அது திணறும்.

கவியரங்க மேடைக்கு என்றால் எண்சீர் விருத்தம் கைகொடுக்கும். அங்கே தளைக் கணக்கு இல்லை. சீர் வாய்பாட்டின் ஒழுங்குதான். காய், காய், மா, தேமா என்று அரையடி. அதே போல் இன்னோர் அரையடி. இப்படி நான்கு அடியும் ஓர் எதுகையில். ‘சிங்கப்பூர் வானத்தில் நிலவு கண்டோம்’ ஓர் அரையடி. வெண்பாவில் முரண்டு பிடித்த பெயர் இங்கே முதல் காய்ச்சீரில் வசதியாக உட்கார்ந்துவிடுகிறது. கட்டளைக் கலித்துறையைப் பிறகு பாருங்கள். ஐந்து சீர், நேரில் தொடங்கினால் ஒற்று நீங்கி அடிக்கு 16 எழுத்து, நிரையில் தொடங்கினால் 17 என்று எழுத்தே எண்ண வேண்டிய வடிவம் அது.

இந்த ஊரில் வடிவத் தேர்வு புதிதும் அல்ல. யாழ்ப்பாணத்துச் சதாசிவப் பண்டிதரின் ‘சிங்கை நகர் அந்தாதி’ 1887-இல் அச்சேறியது. ஒரு பாட்டின் முடிவு அடுத்த பாட்டின் தொடக்கமாகும் அந்தாதி, இறைவனை விடாமல் பற்றிக்கொண்டு பாட ஏற்றது. ஆறே ஆண்டில், 1893-இல், இங்கே குதிரைப் பந்தயத்தைப் பாட ஒருவர் எடுத்துக்கொண்டது லாவணி. கூட்டத்தின் முன் பாடும் மெட்டு, விரைந்து ஓடும் பொருள். வெண்பா அங்கே பொருந்தியிருக்காது. எதைப் பாடுகிறோம், யார் முன் பாடுகிறோம் என்பதைப் பார்த்து அவர்கள் வடிவத்தைத் தேர்ந்துகொண்டார்கள்.

பயிற்சிக்கு நேரிசையில் தொடங்க வேண்டாம். திருக்குறளில் முப்பது குறளை எடுத்து, பென்சிலால் அசை வெட்டி, சீருக்குக் கீழே வாய்பாடு எழுதுங்கள். முதல் பத்து மெதுவாகப் போகும். அதற்குப் பிறகு கை தானாக வெட்டும். பிறகு ஏழு சீர்க் குறள் வெண்பா இருபது எழுதுங்கள். பொருள் சிறியதாக இருந்தாலும் பரவாயில்லை: மின்தூக்கி, மழை, ஈரச்சந்தை, எதுவானாலும் சரி. கடைசிச் சீரை முதலில் முடிவு செய்துகொண்டு பின்னோக்கி வந்தால் எளிது. ஈற்றில் நிற்கத் தகுந்த சொல் குறைவு, தொடங்கத் தகுந்த சொல் ஏராளம். அதன்பின் சிந்தியல் மூன்றடி, அதன்பின் நேரிசை. எழுதியதை ஒவ்வொரு முறையும் உரக்கப் படியுங்கள். தளை தட்டும் இடத்தில் நாக்கு அரை நொடி நிற்கும். விதியைத் தேடிப் போகுமுன் அந்த இடத்தில் பென்சிலால் ஒரு புள்ளி வையுங்கள், பிறகு அலகிட்டுப் பாருங்கள்.